நனையாத அம்பு

ஜோயல் சார் கரும்பலகையில்
வளைந்து வளைந்து ஒரு கோடு இழுத்தார்.
இது தொலைவு.
கோட்டின் வாலுக்கும் தலைக்கும் நடுவே
ஸ்கேல் வைத்து ஓர் அம்பு.
இது இடப்பெயர்ச்சி.
சனிப்பெயர்ச்சிக்குப் பரிகாரம் உண்டு, இதுக்குக் கிடையாது என்று
அவரே சொல்லி அவரே சிரித்தார்.

முப்பத்தாறு வயதில்
பிளஸ் ஒன் இயற்பியலை மூன்றாம் முறை எழுதப்போகிறவள்
கடைசி பெஞ்சில் உட்கார்ந்து
அம்பையே பார்த்துக்கொண்டிருந்தேன்.
எனக்கு அதைத் தெரியும்.

எங்கள் படித்துறையிலிருந்து
பேச்சிக்கனி வீட்டுக்கு
சேரன்மகாதேவிப் பாலம் சுற்றிப் போனால்
ஒன்பது கிலோமீட்டர், இரண்டு பஸ்.
தாமிரபரணிக்குக் குறுக்கே
வடக்குப் பார்த்து முந்நூறு மீட்டர்.
அம்புக்குச் சேலை கிடையாது, நனையாது.
சுழி எங்கே என்று அதற்குக் கவலையில்லை.
கொடுக்க வேண்டிய பாக்கியும் இல்லை.

எனக்கு இருந்தது.
பதினோராயிரம்.
நான் பிடித்த சீட்டு.
முழுங்கியது நாலு பேர்,
நோட்டில் இருந்தது என் கையெழுத்து.
அவள் கேட்கவே இல்லை.
கேட்டிருந்தால் சண்டையாவது போட்டிருக்கலாம்.

நாலு வருஷம் பாலத்துப் பக்கம் போகவில்லை.
ராத்திரி சொளவை மடியில் வைத்துப் பீடி சுற்றும்போது
அக்கரையில், வேப்பமரத்துக்கு இடப்பக்கம்
ஒரு குண்டு பல்பு எரியும்.
அவளும் சுற்றுகிறாள் என்று நினைத்துக்கொள்வேன்.
ஒரு பீடிக்கு என் கட்டைவிரல்
பத்து சென்டிமீட்டர் ஓடும்.
ஆயிரம் பீடிக்கு நூறு மீட்டர்.
மூன்று நாளில் விரல் ஆற்றைத் தாண்டிவிடும்.
நிமிர்ந்து பார்த்தால் என் கையிலேயே இருக்கும்,
நகக்கண்ணில் புகையிலைத் தூளோடு.

கார் சாகுபடிக்குப் பாபநாசத்தில் தண்ணீர் திறக்கும் முன்
வைகாசியில் ஆறு முழங்காலுக்கு இறங்கும்.
பி.எஃப். பணம் வந்திருந்தது.
இருபத்திரண்டு ஐநூறு ரூபாய்த் தாள்களைப்
பாலிதீன் பையில் சுருட்டி
ஜாக்கெட்டுக்குள் செருகிக்கொண்டு இறங்கினேன்.

பாறை வழுக்கியது, இரண்டு இடத்தில்.
கெண்டைக்குஞ்சு கெண்டைக்காலைக் கொத்தியது.
நேராகவே நடந்தேன்.
போகிற வழியும் போய்ச் சேருகிற அம்பும்
ஒரே நீளம் ஆகிற நாள்
எல்லோருக்கும் வாய்க்குமா,
பாதி ஆற்றில் நின்று கொஞ்சம் சிரித்தேன் கூட.

வேப்பமரம். இடப்பக்கம் வீடு.
கதவைத் திறந்த பையனுக்கு இருபது வயதிருக்கும்.
பணகுடிப் பக்கம் காற்றாலையில் வேலையாம், வாடகைக்கு இருக்கிறானாம்.
அந்த அக்காவா?
திருப்பூர் போயி ஒன்றரை வருஷம் ஆச்சே,
பனியன் கம்பெனிக்கு.
வாசலில் பல்பு பகலிலும் எரிந்துகொண்டிருந்தது.
சுவிட்ச் ரிப்பேர், அணையாது என்றான்.

நான் ஓரடி நகரவில்லை.
படித்துறையும் அங்கேதான் இருந்தது.
எப்போதோ ஒரு நாள், எனக்குத் தெரியாமல்,
முந்நூறு மீட்டர்
முந்நூறு கிலோமீட்டருக்குக் கொஞ்சம் குறைச்சலாக
நீண்டிருக்கிறது.
திசை கூட மாறவில்லை, ஏறத்தாழ அதே வடக்கு.
ஒன்றரை வருஷம்
யாரோ ஒரு பையனின் ரிப்பேர் சுவிட்சுக்குத்
துணையாக உட்கார்ந்து பீடி சுற்றியிருக்கிறேன்.

போன வழியே திரும்பினேன்.
பணம் நனையவில்லை.

பரீட்சையில் கேட்டிருந்தார்கள்:
ஒருவர் கிழக்கே நாற்பது மீட்டர் நடந்து
புறப்பட்ட இடத்துக்கே திரும்பினால்
அவருடைய இடப்பெயர்ச்சி என்ன?
பூஜ்ஜியம் என்று எழுதினேன்.
ஒரு மார்க்.
அவர் எதற்குப் போனார், யாரைப் பார்க்க என்று
கேள்வியில் இல்லை.
அந்தச் சேலையில் கரைக்கு மேல் ஒரு சாண்
ஆற்று மண்ணின் நிறம்,
மூன்று துவைப்புக்கும் போகவில்லை.

பையன் கிழித்துக் கொடுத்த காகிதத்தில்
பேச்சிக்கனியின் நம்பர்.
பணத்தோடு அதே பையில் வைத்திருக்கிறேன்.
ஏழாவது இலக்கம் மூன்றா எட்டா
தெரியவில்லை.
இரண்டையும் அடித்துப் பார்க்க வேண்டும்.